ஃபேன் தின்ற எழுத்து

நாலாவது ஸ்க்ரூவும் இறங்கிவிட்டது. இனி இந்த ஹெல்மெட்டை நானாகக் கழற்ற முடியாது, வெளியே நிற்பவன் மனசு வைத்தால்தான் உண்டு. முடுக்கியவர் கோதண்டம். இன்னும் கால்மணி நேரத்தில் என் கையில் சாகப்போகிறவரும் அவர்தான். அவர் என்ன அவர், அவன். மனசுக்குள்ளாவது அவன் என்று சொல்லிப் பழகலாம் என்று காலையிலிருந்து பார்க்கிறேன், இருபது வருஷத்துப் பழக்கதோஷம், அண்ணே என்றே வந்து தொலைக்கிறது. "தேசிங்கு, மூச்சு வருதா?" என்று ஹெல்மெட்டுக்குப் பக்கத்தில் வாயை வைத்துக் கேட்டான். இரும்புக் கையைத் தூக்கிக் காட்டினேன். ஸ்க்ரூ டிரைவரை இடுப்பில் செருகிக்கொண்டு, கழுத்தைத் தடவியபடி தன் இடத்துக்குப் போனான். அந்தக் கழுத்தைத்தான் காலையிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன். ஐம்பத்தைந்து வயசுக் கழுத்து, வற்றிப்போய், நரம்பு புடைத்து, எச்சில் விழுங்கும்போதெல்லாம் குரல்வளை ஏறி இறங்குகிறது. எந்திரப் படம் இது, இரண்டாம் பாகம். நல்ல ரோபோ கெட்டுப்போய், தன்னைச் செய்த விஞ்ஞானியின் ஆராய்ச்சிக்கூடத்தில் புகுந்து, வாசலில் நிற்கும் செக்யூரிட்டியை ஒரே கையால் கழுத்தைப் பிடித்துத் தூக்குகிறது. ரோபோ நான், செக்யூரிட்டி கோதண்டம். உண்மையில் அவனைத் தூக்கப்போவது சட்டைக்குள் மாட்டியிருக்கும் பெல்ட்டும் மேலே போகும் ரோப்பும்தான், நான் பிடிப்பதுபோல் பிடித்தால் போதும். அதற்காகவே என் வலது இரும்பு உள்ளங்கையில் தீப்பெட்டி அளவில் ஒரு ரப்பர் கட்டை வைத்திருந்தார்கள். விரல்கள் மூடும்போது கட்டையில் முட்டி நின்றுவிடும், கழுத்து பிழைக்கும். அந்தக் கட்டை இப்போது அங்கே இல்லை. காலையில் யாரும் பார்க்காதபோது பிடுங்கி இடது கையுறைக்குள் போட்டுக்கொண்டேன். வியர்வையில் ஊறி இடது உள்ளங்கையில் கொழகொழவென்று கிடக்கிறது.

நாளைக்குக் கேட்டால் கை கெட்டுவிட்டது என்பார்கள். சைக்கிள் பிரேக் ஒயரை வைத்துச் செய்த கை இது. உள்ளே நான் விரலை மடக்கினால் வெளியே இரும்பு விரல் மடங்கும், மடங்கியதும் ஒரு கொக்கி விழுந்து பூட்டிக்கொள்ளும், திறக்க வேண்டுமென்றால் கட்டைவிரலுக்கு எட்டும்படி மாட்டியிருக்கும் வளையத்தை இழுக்க வேண்டும். வளையம் சிக்கிக்கொண்டது, ரப்பர் எங்கேயோ விழுந்துவிட்டது, பாவம் தேசிங்கு என்ன செய்வான், உள்ளே இருப்பவனுக்கு என்ன தெரியும். எய்தவன் இருக்க அம்பை நோவானேன் என்பார்கள், இங்கே அம்பைத்தான் எல்லோரும் நோவார்கள், எய்தவன் அம்புக்குள்ளேயே உட்கார்ந்திருக்கிறான். முதல் நாள் ஒரு இன்ஜினியரிங் காலேஜ் பேராசிரியரை வரவழைத்திருந்தார்கள், விஞ்ஞான ஆலோசகர் என்று டைட்டிலில் பெயர் போடுவதற்காக. டைரக்டர் அவரிடம், "சார், ரோபோவுக்குக் கோபம் வந்தா கண்ணு சிவக்கலாம் இல்ல?" என்று கேட்டார். அந்த மனுஷன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எந்திரத்துக்குக் கோபம் கெடையாதுங்க. புடின்னா புடிக்கும். வுடுன்னு சொல்ற வரைக்கும் வுடாது. உள்ள மாட்னது இரும்பா எலும்பான்னு அதுக்குத் தெரியாது. நெஜமான ஆபத்து அதுதான்" என்றார். டைரக்டருக்கு முகம் வாடிவிட்டது. இந்தக் கதையை எந்தத் தியேட்டரில் ஓட்டுவது? கோபம் இல்லாத எந்திரத்துக்கு யார் விசில் அடிப்பான்? டீ வாங்கிக் கொடுத்து அனுப்பிவிட்டு, கண்ணில் சிவப்பு எல்.இ.டி. மாட்டச் சொல்லிவிட்டார். நம் படங்களில் கண் நீலமாயிருந்தால் ரோபோ குழந்தையைத் தூக்கிக் கொஞ்சும், சிவந்தால் பாலத்தை உடைக்கும், அவ்வளவுதான் விஞ்ஞானம். எனக்கும் அதுவே சௌகரியமாகப் போயிற்று. ஷாட்டில் காற்றடிக்கப் போடும் பெரிய ஃபேன் ஓடும்போது ஹெல்மெட்டுக்குள் ஒரு சத்தமும் கேட்காது என்பதால், விளக்கு சிவந்தால் ஆக்‌ஷன், நீலமானால் கட் என்று பேசி வைத்திருக்கிறார்கள். சிவப்பு இருக்கிறவரை பிடித்துக்கொண்டிருக்க வேண்டியது, அதுதான் எனக்குக் கொடுத்த உத்தரவு. பேராசிரியர் சொன்ன எந்திரம்போலவே நடந்துகொள்வேன். எனக்கும் எலும்பு இரும்பு தெரியாது.

ஆனால் எனக்குக் கோபம் இருக்கிறது. வயிற்றில் ஆரம்பித்து, பல்லிடுக்கு வழியாக, இந்த ஃபைபர் உடம்பு முழுக்க அது நிறைந்து கிடக்கிறது. இந்த உடம்பு மட்டும் இருபத்தெட்டு கிலோ. உள்ளே ஸ்பான்ஜ் ஒட்டியிருக்கிறார்கள், வியர்வையை அது குடிக்கிறது, குடித்ததைத் திரும்ப என் மேலேயே துப்புகிறது. மூக்கு அரிக்கிறது, சொறிய முடியாது. என் மூச்சு என் முகத்திலேயே வந்து மோதுகிறது, காலையில் தின்ற வடகறி நாற்றம். லைட்மேன்கள் இன்னும் எதையோ நகர்த்திக்கொண்டிருக்கிறார்கள், கண்ணுக்கு நேரே இருக்கிற கம்பி வலை வழியாக அவர்கள் துண்டு துண்டாகத் தெரிகிறார்கள், ஒரு கால், ஒரு ஏணி, ஒரு பாதித் தலை. சின்ன வயசில் ஞாயிற்றுக்கிழமை காலை பக்கத்து வீட்டில் ஒரு டப்பிங் சீரியல் போடுவார்கள், அதில் ஒரு தகர மனிதன் வருவான், டங்கு டங்கென்று நடப்பான், எல்லோரையும் தூக்கி எறிவான். நானும் என் தம்பி லிங்கமும் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு பார்ப்போம். பார்த்துவிட்டு வந்து லிங்கம் பிஸ்கட் டின்னைத் தலையில் கவிழ்த்துக்கொள்வான், நான் போலீஸ். ஒருநாள் டின் காதில் மாட்டி வரவில்லை. உள்ளே அவன் கத்துகிறான். வெளியே ஊ என்று மட்டும்தான் கேட்கிறது. நான் என்ன செய்தேன், அம்மாவைக் கூப்பிட்டேனா? இல்லை. ஒரு விறகுக் கட்டையை எடுத்து டின்னின் மேல் அடித்தேன். அடித்தால் நல்ல சத்தம் வந்தது. இன்னொரு அடி. தகரம் உள்வாங்கியது. ஏழெட்டு அடி அடித்திருப்பேன். எனக்கு அது பிடித்திருந்தது, அதைச் சொல்லிவிட வேண்டும், ரொம்பப் பிடித்திருந்தது. அம்மா ஓடிவந்து தேங்காயெண்ணெய் ஊற்றி டின்னை உருவி எடுத்தபோது, லிங்கத்தின் காதோரம் கிழிந்து ரத்தம் தாடை வரை இறங்கியிருந்தது. "ஏன்டா அடிச்ச?" என்று அம்மா என் முதுகில் நாலு வைத்தாள். லிங்கம் அழுதுகொண்டே, "அண்ணன் அடிக்கல, நான்தான் செவுத்துல முட்டிக்கினேன்" என்றான். ஏன் அப்படிச் சொன்னான்? எனக்கு அடி விழக்கூடாது என்று சொன்னான். என்னைக் காப்பாற்றுகிறவர்களைப் பார்த்தாலே எனக்கு அன்றிலிருந்து எரிச்சல்.

லிங்கம் எப்போதும் எனக்குப் பின்னாலேயே வருவான். நான் ஃபைட்டர் ஆனேன், அவனும் ஆனான். முதல் பாகத்தில் இந்த உடம்புக்குள் இருந்தது அவன். ஆமாம், இதே உடம்புதான், மேலே பெயிண்ட் மட்டும் புதுசு, முதுகில் விட்ட விரிசலைப் பசை போட்டு மூடியிருக்கிறார்கள். அளவு எனக்கும் அவனுக்கும் ஒன்று, அதனால் கூப்பிட்டார்கள், நான் வந்தேன், செக்யூரிட்டி வேஷம் யாருக்கு என்று தெரிந்ததும் வேறு எந்த வேலைக்கும் போகாமல் காத்திருந்து வந்தேன். அன்றைக்கு ரோபோ பறக்கிற ஷாட். நாற்பதடி உயரம். ரோப்பைப் பிடித்திருந்தது கோதண்டம். எங்கள் கூட்டத்தில் ரோப் என்றால் கோதண்டம்தான், கட்டின முடிச்சை மூன்று தடவை இழுத்துப் பார்ப்பான். ஒண்ணு எனக்கு, ஒண்ணு மேல போறவனுக்கு, ஒண்ணு அவன் ஊட்டுக்கு என்பான். அன்றைக்கும் மூன்று தடவை இழுத்தான், பார்த்தேன். லிங்கம் மேலே போனான், காற்றுக்காகப் பெரிய ஃபேன் போட்டார்கள், ஊசலாடி ஊசலாடிப் பறந்தான், கடைசி ஊசலில் மெத்தை அடுக்கைத் தாண்டி சிமெண்டுத் தரைக்கு மேலே போய்விட்டான், அந்த நேரத்தில் கோதண்டம் ரோப்பை விட்டுவிட்டான். நாற்பதடி. இருபத்தெட்டு கிலோ ஃபைபரும் எழுபது கிலோ தம்பியும். விழுந்த சத்தம் தேங்காய் மூட்டையை லாரியிலிருந்து உருட்டிவிட்டதுபோல் இருந்தது, பிறகு கண்ணில் நீல விளக்கு எரிந்தபடியே கிடந்தான். ஹெல்மெட்டைக் கழற்ற வேண்டும், நாலு ஸ்க்ரூ, ஸ்க்ரூ டிரைவரைக் காணோம். யார் கையில் இருந்தது, எங்கே வைத்தான், ஓடுகிறார்கள், கத்துகிறார்கள், கம்பி வலை வழியாக ரத்தம் புளித்த மாவு பொங்குவதுபோல் நுரைத்து வெளியே வருகிறது, உள்ளே ஊ என்று ஒரு சத்தம், நான் நகத்தால் ஸ்க்ரூவைத் திருகுகிறேன், என் நகம் பெயர்கிறது. நாலு நிமிஷம். திறந்தபோது முகம் என்று ஒன்று இருந்தது, லிங்கம் இல்லை. அன்றிலிருந்துதான் கோதண்டம் ஸ்க்ரூ டிரைவரை இடுப்பிலேயே வைத்துக்கொண்டு திரிகிறான், வேறு யாரையும் தொட விடுவதில்லை. யூனியனில் விசாரித்தார்கள். "கை வழுக்கிடுச்சு" என்றான். ஒரே வார்த்தை. ஒரு வருஷம் வேலைக்கு வரக்கூடாது என்றார்கள், தலையை ஆட்டினான். லிங்கத்தின் பெண்டாட்டி எல்லோர் முன்னாலும் அவன் முகத்தில் காறித் துப்பினாள். துடைக்கக்கூட இல்லை. நான் பக்கத்தில்தான் நின்றுகொண்டிருந்தேன். ரோப் பிடித்த கைக்கு அதன் பிறகு யார் ரோப் கொடுப்பார்கள்? அடிபட்டுச் சாகிற வேஷம்தான் கிடைக்கிறது. படத்துக்குப் படம் செத்துக்கொண்டிருக்கிறான், ஒன்றிலாவது நிஜமாய்ச் சாகட்டுமே.

இதோ பெல்ட்டில் ரோப்பை மாட்டுகிறார்கள். மாட்டுவது புது ஆட்கள். கோதண்டம் தன் முடிச்சைத் தானே ஒரு தடவை இழுக்கிறான், இரண்டு, மூன்று. எனக்கு எதிரே வந்து நிற்கிறான், கழுத்துக்கும் என் கைக்கும் இரண்டடி. கம்பி வலை வழியாக அவன் குரல்வளை மட்டும் தெரிகிறது. அங்கேதான் அழுத்த வேண்டும், பக்கவாட்டில் அழுத்தினால் மயக்கம்தான் வரும், நடுவில் அழுத்தினால் குருத்தெலும்பு நொறுங்கும், முறுக்கை வாயில் போட்டதுபோல் ஒரு சின்னச் சத்தம் கேட்கும், கையில் மட்டும்தான் கேட்கும். கண் பிதுங்கும். நாக்கு வெளியே தள்ளும். எல்லோரும் நன்றாக நடிக்கிறான் என்று நினைப்பார்கள். கால் உதறும், அதற்கும் கைதட்டுவார்கள். எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு, வலி தாங்கவில்லையென்றால் எதிராளியின் தோளில் இரண்டு தட்டு தட்டுவது, தட்டினால் எவ்வளவு பெரிய ஃபைட்டரும் உடனே கையை எடுத்துவிட வேண்டும், எடுக்காதவனோடு யாரும் சேர்ந்து வேலை செய்ய மாட்டார்கள். இந்த ஃபைபர் தோளில் தட்டினால் எனக்குத் தெரியாது. எவ்வளவு வசதி பாருங்கள். டைரக்டர் கையைத் தூக்குகிறார். ஃபேனைப் போட்டுவிட்டார்கள். அதே ஃபேன். முதலில் உறுமல், பிறகு இரைச்சல், பிறகு உலகத்தில் வேறு சத்தமே கிடையாது என்பதுபோல் ஒரு ஓ. இந்தச் சத்தத்துக்குள் ஒரு குரல் இருக்கிறது. வேண்டாம், கழுத்தைப் பார், குரல்வளையைப் பார். இந்தச் சத்தத்துக்குள் யாரோ கத்துகிறார்கள். கை வழுக்கியது என்று அவனே சொல்லிவிட்டானே, அதோடு முடிந்தது, எவனும் கத்தவில்லை. கோதண்டத்தின் கை வழுக்குமா? மழையில் நனைந்த ரோப்பில் மூன்று பேரைச் சேர்த்து இறக்கிய கை. வழுக்கியது என்று அவனே சொன்னான். அவன் சொன்னதை நீ நம்பினாயா தேசிங்கு? கத்தியது யார்?

நான்தான். வேறு யார் கத்துவார்கள், குரல் கொடுப்பது என் வேலை. ரோப் பிடிக்கிறவர் ஃபேனுக்குப் பின்னால் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பார், மேலே போனவன் எங்கே இருக்கிறான் என்று அவருக்குத் தெரியாது, கீழே நிற்கிற ஒருத்தன்தான் அவருக்குக் கண். மெத்தைக்கு நேரே வந்ததும் அவன் வுடு என்று கத்த வேண்டும், அவர் விடுவார். லிங்கம் மெத்தையைத் தாண்டிப் போனான். நான் பார்த்தேன். கீழே சிமெண்டு. இப்போது விட்டுவிடப் போகிறாரே என்று எனக்கு உயிர் போயிற்று, அடிவயிற்றிலிருந்து கத்தினேன், வுட்றாத! வுட்றாத என்றுதான் கத்தினேன், சத்தியமாக, எந்தக் கோயிலில் வேண்டுமானாலும் கற்பூரம் அணைக்கிறேன், வுட்றாத என்றுதான். கடைசி எழுத்தை ஃபேன் தின்றுவிட்டது. த. ஒரே ஒரு த. அதை எடுத்துவிட்டால் என்ன மிச்சம்? வுட்றா. மூன்று வருஷமாக இதை வாய்க்குள் போட்டு மென்றுகொண்டிருக்கிறேன், வுட்றாத, வுட்றா, வுட்றாத, வுட்றா. எப்போதும் அவரிடம் வுட்றாதண்ணே என்றுதான் சொல்வேன், அண்ணே சேர்க்காமல் அவரிடம் ஒரு டீ கேட்டதில்லை, அன்றைக்குப் பதற்றத்தில் அண்ணே விட்டுப்போயிற்று. அண்ணே இருந்திருந்தால் த அதற்குள் பத்திரமாக இருந்திருக்கும், ஃபேன் ணேவைத் தின்றிருக்கும், தம்பி பிழைத்திருப்பான். சரி, என் தப்பு, ஆனால் அவருக்கு அறிவு வேண்டாமா? தேசிங்கு வாயிலிருந்து நமக்கு டா வருமா என்று யோசிக்க வேண்டாமா? இருபது வருஷத்தில் ஒரு டா போட்டிருப்பேனா? அதன் பிறகு எங்கள் கூட்டத்திலேயே அந்த வார்த்தை ஒழிந்தது, இப்போதெல்லாம் விசில்தான். கோதண்டம் வாயில் மூச்சு விடு என்றுகூட வருவதில்லை, மூச்சு வருதா என்றுதான் கேட்கிறார். யூனியன் ஆபீசில் அவர் என்னைப் பார்த்தார். ஒரே பார்வை. பிறகுதான் கை வழுக்கிடுச்சு என்றார். நான் வாயைத் திறக்கவில்லை. அந்த எச்சில் என் முகத்தில் விழ வேண்டியது. உலகத்திலேயே இது தெரிந்தவர் இவர் ஒருத்தர்தான், இவர் போய்விட்டால் இது நடக்கவே இல்லை. தம்பியைக் கொன்றதற்காக அவரைக் கொல்லப்போகிறேன் என்று காலையிலிருந்து எனக்கு நானே கதை சொல்லிக்கொண்டிருக்கிறேன். வெட்கங்கெட்டவன்.

கம்பி வலை சிவந்தது. ஆக்‌ஷன். கால் தானாக நடந்தது, டங்கு டங்கென்று, ஒத்திகையில் சொன்னபடி மூன்று அடி. கை நீண்டது. கோதண்டம் கண்ணை அகல விரித்துப் பின்வாங்கினார், நல்ல நடிப்பு. பிடித்தேன். விரலை மடக்கினேன், ரப்பர் இல்லாத கை கடைசி வரை மூடியது, கொக்கி விழுந்த அதிர்ச்சி முழங்கை வரை ஏறியது. ரோப் அவரைத் தூக்கியது. ஒரு அடி, இரண்டு அடி. அவர் முகத்தில் இருந்த நடிப்பு சட்டென்று நின்றுவிட்டது. அதைப் பார்த்தேன். ஒரு முகத்திலிருந்து நடிப்பு கழன்று விழுவதை இவ்வளவு பக்கத்தில் நான் பார்த்ததில்லை. என் தோளில் அவர் கை விழுந்தது, இரண்டு தட்டு. எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை, கண்ணில்தான் தெரிந்தது. மறுபடி இரண்டு. முகம் கறுத்தது. கண்ணின் வெள்ளையில் நரம்பு ஒவ்வொன்றாகச் சிவந்தது, என் விளக்கின் சிவப்பா அவர் ரத்தத்தின் சிவப்பா தெரியவில்லை. காலை உதறினார், என் வயிற்றில் உதைத்தார். இன்னும், இன்னும் கொஞ்சம், எனக்கு அது பிடித்திருந்தது, விறகுக் கட்டையால் டின்னை அடித்ததுபோல் பிடித்திருந்தது. நீலம் வரவில்லை. டைரக்டர் ரசித்துக்கொண்டிருக்கிறார். நீலம் வருகிறவரை என் மேல் குற்றமே இல்லை. கோதண்டத்தின் வாய் அசைந்தது. வு என்று குவிந்தது. மூன்று வருஷமாக அவர் சொல்லாத வார்த்தை. உதடு குவிந்து, விரிந்து, அதற்கு மேல் அசையவில்லை, பாதியிலேயே நின்றது. வுடுவா, வுட்றாவா, வுட்றாதவா? அப்படியே சாகட்டும், வுட்றாத என்கிறாரா? ஃபேன் சத்தத்துக்குள் எங்கேயோ லிங்கத்தின் பிஸ்கட் டின் ஊ என்றது. வுடு, என்றேன். எனக்கே சொன்னேன். வுடு, வுடு, வுட்றா டேய் தேசிங்கு, கையை வுட்றா. ஹெல்மெட்டுக்குள் என் குரல் என் காதையே கிழித்தது. கட்டைவிரல் வளையத்தைத் தேடியது. வியர்வை. வழுக்கியது. கை வழுக்கிடுச்சு, கை வழுக்கிடுச்சு என்று நான் அழுகிறேன், வளையம் நழுவுகிறது, மறுபடி பிடித்து இழுக்கிறேன், கொக்கி அசையவில்லை, நகக்கண்ணில் ஒயர் ஏறியது, இழுத்தேன், ஏதோ கிழிந்தது, நகமா ஒயரா, இழுத்தேன். கை திறந்தது. விளக்கு இன்னும் சிவப்பாகவே இருந்தது. கோதண்டம் ரோப்பில் துவண்டு தொங்கினார், பிறகு இருமினார். இருமல் எனக்குக் கேட்கவில்லை. நெஞ்சு குலுங்குவதைப் பார்த்து அழுதேன்.

ஃபேன் நின்றது. அவரை இறக்கினார்கள். யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை, சிலர் கைதட்டினார்கள், டைரக்டரின் குரல் மட்டும் எரிச்சலாகக் கேட்டது. "நல்லா போயிட்டிருந்துச்சே, ஏன் அதுக்குள்ள விட்டீங்க? கட் சொல்லவே இல்லையே! ஒன் மோர்!" கோதண்டம் தரையில் உட்கார்ந்து தண்ணீர் குடித்தார், பாதி வெளியே வந்தது. பிறகு எழுந்து, யாரையும் கூப்பிடாமல், என்னிடம் வந்து ஸ்க்ரூ டிரைவரை உருவினார். முகத்தில் குத்தப்போகிறார் என்று நினைத்தேன், குத்தட்டும் என்று நின்றேன். ஒன்று, இரண்டு, மூன்று, நாலு. காற்று முகத்தில் அடித்தது. அவர் கழுத்தில் நாலு விரல் தடமும் கன்றிப்போய்த் தெரிந்தது. "உள்ள இன்னாவோ கத்துனியே, இன்னா அது? வலைக்குள்ள ஒங் கண்ணு தெரிஞ்சுது, ஒண்ணும் கேக்கல" என்றார். குரல் உடைந்து காற்றாக வந்தது. நான் வேறு எதையோ சொன்னேன். "அன்னிக்கு நான் வுட்றாதன்னுதான்ணே கத்துனேன்." சொல்லிவிட்டேன். அவர் ஆச்சரியப்படவில்லை. "தெரியும்பா. கீழ விழுந்த பெறகு தெரிஞ்சுது. எனக்கு வுட்றான்னுதான் கேட்டுச்சு." "நான் உங்கள டா போடுவனாண்ணே?" என்று குழந்தைபோல் கேட்டேன். "அதாம்பா. தேசிங்கு நம்மள டா போட மாட்டானே, போட்டான்னா அங்க உசுரு போற அவசரம், யோசிக்கக் கூடாதுன்னு நெனச்சேன். ஒடனே வுட்டேன்" என்றார். "யூனியன்ல ஏண்ணே சொல்லல?" "சொல்லி? அண்ணங்காரன் வாயாலயே தம்பி போனான்னு உங்கம்மா காதுல விழணுமா? ஒருத்தன் கை வழுக்குச்சின்னா ஒருத்தனோட போச்சு." வலது இரும்புக் கையைப் பிடித்து, உள்ளங்கையைத் தூக்கிப் பார்த்தார். ரப்பர் இருந்த இடத்தில் பசை மட்டும் இருந்தது. அதை விரலால் தடவினார். நான் இடது கையுறையை உருவி, கட்டையை எடுத்து நீட்டினேன். விழுந்துவிட்டது என்று சொல்லியிருக்கலாம், வாய் வரவில்லை. "நான்தான்ணே" என்றேன். ஓங்கி ஒரு அறை விட்டார், என் காது அடைத்துப்போயிற்று. யாரோ திரும்பிப் பார்த்தார்கள். "தூங்கிட்டான், எழுப்புறேன்" என்று அவர்களிடம் சொன்னார்.

கட்டையை அதன் இடத்தில் வைத்து அழுத்தினார். ஒரு தடவை இழுத்துப் பார்த்தார். இன்னொரு தடவை. மூன்றாவது தடவை. பிறகு ஹெல்மெட்டைக் கவிழ்த்தார். நாலு ஸ்க்ரூ இறங்கியது, ஒவ்வொன்றாக எண்ணினேன். "மூச்சு வுட முடியுதா?" என்று கேட்டார். அந்த வார்த்தையை முழுசாகச் சொன்னார். கையைத் தூக்கிக் காட்டினேன். புது ஆட்கள் ரோப்பை மாட்டினார்கள். அவர் என் எதிரே வந்து நின்று, நான் நீட்டுவதற்கு முன்பே என் இரும்பு விரல்களைத் தானே எடுத்து, கன்றிப்போன தடத்தின் மேலேயே ஒருமுறை பொருத்திப் பார்த்துவிட்டு, பின்வாங்கித் தன் இடத்தில் நின்றுகொண்டார். ஃபேன் உறுமியது, இரைந்தது, உலகத்தில் வேறு சத்தம் இல்லாமல் போயிற்று. கண் சிவந்தது. மூன்று அடி நடந்து, பிடித்தேன். விரல்கள் ரப்பரில் முட்டி நின்றன. இந்தக் கையை எனக்குத் தெரியும், அவருக்கும் இப்போது தெரியும், தெரிந்தும் கழுத்தைக் கொடுத்திருக்கிறார். அவர் காலை உதறினார், நல்ல நடிப்பு. நான் உள்ளே, யாருக்கும் கேட்காத இடத்தில், ஒரு எழுத்தும் விழுந்துவிடாமல் மெதுவாகச் சொன்னேன், வுட்றாதண்ணே, என்ன வுட்றாதண்ணே.